சிதம்பரம் சகோதரியின் முட்டி வலி

எங்கள் சுவிசேஷ வானொலிக்கு ஆன்டெனா கிடையாது. முதுநகரில் சர்ச்சுக்குப் பின்னால் ஒரு சின்ன அறை, எதிரொலி அடங்கச் சுவரெல்லாம் முட்டை அட்டை, ஒரு மைக். அங்கே பேசுவது லோக்கல் கேபிளில் சும்மா கிடந்த ஒரு சேனலில் போகும். டிவியில் ஒரு வெள்ளைப் புறா படம் அசையாமல் நிற்கும், சத்தம் மட்டும் வரும். அதனால் எல்லோரும் அதை ரேடியோ என்றோம்.

தினம் காலை ஆறு மணிக்கு மைக் முன்னால் உட்காருபவர் என் வீட்டுக்காரர். வீட்டில் உப்பு கேட்கக்கூட நாலு தடவை திக்குவார். மைக் முன்னால் மட்டும் பேச்சு தடங்கலில்லாமல் வரும். அந்த அரை மணி நேரம் போய்விட்டால் மனுஷன் வாயையே மூடிக்கொள்வார் என்று எனக்குப் பயம்.

2007 வாக்கில் கேபிள்கார பாய் என்னிடம் வந்து சொன்னார். "அக்கா, யாராச்சும் கேக்குறாங்களா? ஒரு லெட்டராச்சும் வருதா? வரலன்னா அந்த நேரத்துல பழைய படம் போட்டுடுறேன். அதுக்குத்தான் டிமாண்டு ஜாஸ்தி. நீங்களே அவருகிட்ட சொல்லிடுங்க."

நான் சொல்லவில்லை. போஸ்ட் கார்டு வாங்கினேன்.

முதுநகர் என்று எழுதினால் எந்தத் தெரு, யார் வீடு என்று கிளறிவிடுவார்கள். சிதம்பரத்தில் என் அக்கா இருந்தாள். கார்டுகளை எழுதி மொத்தமாக அவளிடம் கொடுத்து, வாரம் ஒன்றாகப் போடச் சொன்னேன். கையெழுத்து தெரியாமலிருக்க இடது கையால் எழுதினேன். எங்கள் நிகழ்ச்சியில் யார் பெயரையும் வாசிப்பதில்லை. 'சிதம்பரத்திலிருந்து ஒரு சகோதரி, தீராத முட்டி வலி, ஜெபியுங்கள்' என்று அவர் வாசித்தபோது அடுப்படியில் நின்று சிரித்தேன்.

நம் சத்தம் சிதம்பரம் வரை போய்விட்டது என்று எங்கள் சர்ச் போதகர் ஐயர் பிரசங்கத்திலேயே சொன்னார். சபையே அல்லேலூயா போட்டது. கேபிள் ஒயர் பக்கத்து ஊரான குடிகாட்டோடு முடிகிறதே என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. தபால் முத்திரை வரை யோசித்த எனக்கும்தான் தோன்றவில்லை.

ஒரு வருடம் இப்படியே ஓடியது. பாயும் லெட்டர் வருகிறது என்று பேசாமல் இருந்தார். என் வீட்டுக்காரர்தான் மாறிப்போனார். சாப்பிடும்போதெல்லாம், "அ... அந்த சகோதரியப் பாரு. இவ்ளோ வலியிலயும் ஒரு முணுமுணுப்பு உண்டா?" என்று என்னைப் பார்ப்பார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஒரு வாரம் அவளுக்குக் காய்ச்சலும் வரவழைத்தேன். அதற்கும் பாராட்டினார். பொறுக்க முடியாமல், சுகமாகிவிட்டது என்று எழுதி அவளை முடித்துவைத்தேன்.

அங்கேதான் மாட்டினேன். சுகம் கிடைத்தவர் சபையில் வந்து சாட்சி சொல்லவேண்டும் என்பது எங்கள் வழக்கம். ஞாயிறு மாலை ஸ்தோத்திரக் கூட்டம், சிதம்பரம் சகோதரி வருகிறார் என்று என் வீட்டுக்காரர் தானாகவே ரேடியோவில் அறிவித்துவிட்டார். பாயையும் அழைத்துவிட்டார்.

பாய் என் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து மெதுவாகக் கேட்டார். "அக்கா, என் ஒயரு குடிகாட்டுக்கு அந்தாண்ட போகல. சிதம்பரத்துல எப்புடிக்கா கேக்குறாங்க?"

நான் வாயைத் திறப்பதற்குள் மேடையிலிருந்து, "சிதம்பரம் சகோதரி முன்னால் வரவும்" என்றார் என் வீட்டுக்காரர். யாரும் எழவில்லை. மறுபடி கூப்பிட்டார். "ச... ச... சகோதரி..." மைக் முன்னால் அவர் திக்கி நான் கேட்டதே இல்லை. உண்மையைச் சொல்லிவிடலாம் என்று எழுந்தேன்.

அதற்குள் பின்வரிசையிலிருந்து ஒரு அம்மா, நாற்காலி நாற்காலியாகப் பிடித்துக்கொண்டு முன்னால் வந்தார். "நான் சிதம்பரம் இல்லீங்க, குடிகாடு. ஒரு வருஷமா அவுங்க முட்டிக்காக ஜெபம் பண்றேன். நல்லாயிடுச்சுன்னு சொன்னீங்க, பாத்துட்டுப் போலாம்னு வந்தேன். எங்க அவுங்க?"

"தெனமும் கேக்குறீங்களாம்மா?" என்றார் பாய்.

"புறாவ வச்சுட்டுத்தான் அடுப்பே பத்த வைப்பேன். எங்க தெருவுல நாலஞ்சு வூட்டுல கேக்குறாங்க."

பாய் என்னைப் பார்த்தார். "சேனல் இருக்கட்டும்கா. ஆனா சிதம்பரம் வரைக்கும் ஒயரு இழுக்கச் சொல்லிடாதீங்க."

அந்த அம்மாவிடம், சகோதரிக்குப் பஸ் கிடைக்கவில்லை என்று மேலும் ஒரு பொய் சொன்னேன். அவர் ஒரு எண்ணெய் பாட்டிலை என் கையில் கொடுத்தார். "திரும்ப வலிச்சா சூடு பண்ணித் தேய்க்கச் சொல்லுங்க."

"உங்களுக்கும் முட்டி வலி போலிருக்கே. நீங்க ஏன் லெட்டர் போடல?"

"அவுங்களுக்குத்தானே ஜாஸ்தின்னு எழுதுனாங்க. மொதல்ல அவுங்களுக்கு ஆவட்டும்னு இருந்தேன்."

எனக்கு வெட்கமாக இருந்தது. சிரிப்பு சுத்தமாக நின்றுவிட்டது.

மறுநாள் காலை அவருடைய மேஜையில் ஒரு கார்டு வைத்தேன். அதை வலது கையால் எழுதியிருந்தேன். கையில் எடுத்தவர் ஒரு நிமிடம் என்னையே பார்த்தார். பிறகு மைக்கைப் போட்டு, ஒரு இடத்திலும் திக்காமல் வாசித்தார்: "குடிகாட்டிலிருந்து ஒரு சகோதரி. முட்டி வலி. ஜெபியுங்கள்."