மஞ்சள் போட்ட நுரை

நான் படித்தது ஐந்தாம் வகுப்பு. அதை வைத்துக்கொண்டு எழுப்பியதையெல்லாம் ஒரு தடவை சொல்லிவிடுகிறேன். இருங்காட்டுக்கோட்டையில் தெற்கத்திப் பிள்ளைகள் தங்கியிருக்கிற மூன்று மாடி வாடகை அறைகள் என்னுடையவை. ஷிப்டுக்கு ஆள் ஏற்றிப் போகிற பஸ்களில் சில என் பெயரில் ஓடுகின்றன. ஒரகடத்தில் கல்யாண மண்டபம் கட்டினேன். பேங்க்காரன் கையை விரித்தான், சொந்தக்காரன் சிரித்தான், தோண்டிய அஸ்திவாரம் மழையில் குளமாகி அதில் வாத்து நீந்தியது. இருந்தும் கட்டினேன்.

அப்படிப்பட்ட என்னைப் பார்த்துப் போன வாரம் என் பேத்தி, முட்டை வெள்ளையை மெஷினில் அடித்தபடியே சொல்கிறாள்: "தாத்தா, இது மெராங் குக்கி. சாக்லேட் சிப்ஸ் போட்டது. உனக்கு இதெல்லாம் தெரியாது."

எனக்கா தெரியாது? அவள் அப்பன் பிறப்பதற்கு முன்பே, மெஷின் இல்லாமல், இந்தக் கையால் அடித்தவன் நான்.

அப்போது எனக்கு எட்டு வயதோ ஒன்பதோ. அத்தையை, அதாவது அப்பாவின் தங்கையை, பெண் பார்க்க வருகிறார்கள் என்று வீடு அல்லோலப்பட்டது. அதற்கு முன் வந்த இரண்டு இடமும் காபியைக் குடித்துவிட்டுப் போனதோடு சரி. இதுவும் தட்டிப்போனால் ஊர் வேறு மாதிரி பேசும் என்று அப்பா குறுக்கும் நெடுக்கும் நடந்துகொண்டிருந்தார். பையனின் அப்பா நாமம் போட்டவர், கோயிலே கதி என்று இருப்பவர். அந்த வீட்டுக்குள் கவிச்சி நுழையாது. அன்றைக்கு வந்து நின்ற தன் தம்பியிடம் அம்மா இதை இரண்டு தடவை அழுத்திச் சொன்னாள். நான் பக்கத்தில்தான் இருந்தேன்.

அந்தத் தம்பிதான் என் மாமா. பட்டணத்தில் ரொட்டிக்கடையில் வேலை. சேதி கேட்டதும் யாரும் கூப்பிடாமலே முதல் பஸ்ஸில் வந்து இறங்கிவிட்டார். கையில் ஒரு சாக்லேட் பாளம், பஸ் சூட்டில் பாதி இளகிப்போய்.

"பட்டணத்துல பெரிய மனுசங்க வூட்டுப் பலகாரம்க்கா. நானே செய்றேன்."

அம்மா திரும்பிப் பார்ப்பதற்குள் எங்கள் வீட்டுக் கோழி முட்டைகளை எல்லாம் உடைத்துவிட்டார்.

"அடப்பாவி, முட்டையா? இன்னா சொன்னேன் உன்கிட்ட?"

"சுட்டா இன்னான்னே தெரியாதுக்கா. நம்பு."

மஞ்சள் கருவை ஒதுக்கிவிட்டு வெறும் வெள்ளையைக் குண்டானில் ஊற்றி, ஈர்க்குச்சிக் கட்டு ஒன்றை என் கையில் கொடுத்தார். சாப்பிடுகிற பாகத்தை ஒதுக்கிவிட்டு வழுவழுவென்று இருப்பதை ஏன் அடிக்கச் சொல்கிறார் என்று எனக்கு விளங்கவில்லை. அடித்தேன். சர்க்கரையை இடித்துத் தூவினார். இன்னும் அடித்தேன். தோள்பட்டை கழன்றுவிடும் போல இருந்தபோது, குண்டானைப் பிடுங்கி என் தலைக்கு மேல் கவிழ்த்தார். கண்ணை மூடிக்கொண்டேன். ஒரு சொட்டு விழவில்லை.

"இப்போ ஆச்சுடா" என்று கரி எடுக்கப் போனார்.

அந்த இடைவெளியில்தான் அம்மா வந்தாள். முட்டை என்றால் கவிச்சி போக மஞ்சள்தூள் போடாமல் அவளால் இருக்க முடியாது. ஒரு சிட்டிகையைப் போட்டு என்னைக் கிளறச் சொன்னாள். பஞ்சு மாதிரி இருந்த நுரை சாமந்திப்பூ நிறத்துக்கு வந்துவிட்டது.

திரும்பி வந்த மாமா தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார். "யக்கா, இன்னாக்கா பண்ண!"

"நாத்தம் அடிச்சா அவங்களுக்குத் தெரிஞ்சிடாதா?"

மாமா குண்டானையே வெறித்துப் பார்த்தார். நிறம் கெட்டுப்போன வருத்தம் என்றுதான் நினைத்தேன். சாக்லேட்டை அரிவாள்மனையில் சீவி நுரையில் கலந்து, மணல் பரப்பிய பானைக்குள் ஒரு தட்டை இறக்கி, அதில் கிள்ளிக் கிள்ளி வைத்து, மூடிமேல் தணல் போட்டார். தண்ணீர் எடுக்க அத்தை உள்ளே வந்தபோது நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

சாயங்காலம் வந்தார்கள். பையனின் அப்பா ஒன்றை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "கடலமாவா? கருப்பா இருக்கறது திராட்சயா?"

அம்மா அவசரமாகக் காபி டம்ளரை நீட்டினாள். மாமா என் முதுகில் விரலால் இடித்தார். "கேக்கறாருல்ல, சொல்லேன்டா. பொய் சொல்லக் கூடாது."

நான் உரக்கச் சொன்னேன்: "முட்டை!"

அப்பாவின் முகம் செத்துப்போயிற்று. பெரியவரின் கை வாய்க்குப் பக்கத்தில் நின்றது. கதவுக்குப் பின்னால் அத்தையின் வளையல் சத்தமும் நின்றது.

அப்போது பையனின் அம்மா சிரித்தார். அவர் அதற்குள் ஒன்றைத் தின்று முடித்திருந்தார். "புள்ள வெளயாடுது. முட்டைனா கவுச்சி அடிக்காதா? மஞ்சளப் பாத்தா தெரில? கடலமாவுதான். நீங்க சாப்புடுங்க" என்றார் கணவரிடம். பெரியவர் சாப்பிட்டார். நல்லாயிருக்கு என்றார். வெற்றிலையோடு பேச்சு முடிந்தது.

உண்மையைச் சொன்னேன், அது விளையாட்டாகிவிட்டது. அம்மா என் மண்டையில் குட்டினாள். பையனின் அம்மாவோ, கிளம்பும்போது என்னைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டிவிட்டு, இன்னும் இரண்டை முந்தானையில் முடிந்துகொண்டார். மீன் தின்கிற வீட்டில் பிறந்து, நாமக்காரர் வீட்டில் வாழ்க்கைப்பட்டவர் அவர் என்பது பிற்பாடு தெரிந்தது. பெரியவர் வீட்டில் இல்லாத நாட்களில் "அந்த மஞ்சப் பலகாரத்தைச் செய்யேன்" என்று அத்தையிடம் கேட்பாராம்.

மாமா மட்டும் தான் செய்ததில் ஒன்றைக்கூட வாயில் வைக்கவில்லை. ஊரே பாராட்டிக்கொண்டிருக்க, செருப்பை மாட்டிக்கொண்டு பஸ்ஸுக்குப் போய்விட்டார். ஜெயித்த மனிதன் ஏன் அப்படிப் போகிறார் என்று எனக்கு அன்றைக்குப் புரியவில்லை. கல்யாணமே செய்துகொள்ளாமல் அவர் காலம் முடிந்தபிறகுதான் புரிந்தது.

அடுத்த மாதம் அத்தை வீட்டுக்காரருக்கு எண்பது. விசேஷம் என் மண்டபத்தில்தான், வாடகை வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். வாசல் பேனரில், இந்தக் கல்யாணத்தை முடித்துவைத்தவர் என்று மாமாவின் படத்தைப் போடப்போகிறார்களாம் அத்தை பிள்ளைகள். போடாதீர்கள். அவர் அந்த முட்டையை உடைத்தது முடித்துவைக்க அல்ல. செத்த மனிதர் தலையில் அந்தப் பாராட்டைக் கட்ட வேண்டாம். தோள் கழல அடித்தவன் நான். மஞ்சளைக் கலக்கியவன் நான். குட்டு வாங்கியவனும் நான். படம் போடுவதானால் என் படத்தைப் போடுங்கள். பெரிதாகவே போடுங்கள்.