லூக்கா கட்டிய பூசாத வீடு

இத்தாலியில் பிறந்த லூக்கா பெர்தோனி, ஆந்திர எல்லையிலுள்ள ஸ்ரீ சிட்டித் தொழிற்சாலைகளுக்கு வரைபடம் போட வந்து, பக்கத்து வரதய்யபாளையத்திலேயே ஒட்டிக்கொண்டுவிட்ட கட்டடக்கலைஞர். ஆள் பனைமரம், ஊரின் பாதி வாசல் நிலைகள் அவர் நெற்றியைப் பதம் பார்த்தவை. தமிழ் கற்றது கமலம்மாவின் இட்லிக் கடையில். அதனால் கம்பெனி மீட்டிங்கையும் "இன்னாபா, துன்னாச்சா?" என்றுதான் தொடங்குவார்.

இத்தனை வருஷமும் அவர் வரைந்ததெல்லாம் தகரக் கொட்டகை. பிஸ்கெட்டுக்கும் கொட்டகை, டயருக்கும் கொட்டகை. மனசுக்குப் பிடித்த மாதிரி ஒரே ஒரு வீடாவது கட்டிவிட வேண்டும் என்று ஏங்கிக் கிடந்தார். "எனக்குக் கட்டிக் குடேன்" என்றார் கமலம்மா. அந்தச் சந்தோஷத்தில் லூக்கா டம்ளரிலிருந்த சாம்பாரை டீ என்று குடித்தார்.

வீடு எழும்பியது. வெறும் கான்கிரீட் சுவர். கான்கிரீட் வார்க்க அடித்த பலகையின் ரேகைகூட அப்படியே சொரசொரவென்று தெரிந்தது. லூக்கா அதைப் பச்சைக் குழந்தைபோலத் தடவிக்கொண்டிருந்தார்.

கிரகப்பிரவேசத்துக்கு முந்தின நாள் கமலம்மா இடுப்பில் கைவைத்து நின்றார்.

"பூச்சு எப்போ?"

"பூச்சு கெடயாது கமலம்மா. இதான் அழகு."

"இதா? மூஞ்சி கழுவாத வூடு மாரி கீது! நாளைக்கு வர்ற சனத்துல ஒர்த்தராவது நல்லாகீதுன்னு சொல்லட்டும், வுட்டுடறேன். இல்லன்னா சாப்பாடு முடிஞ்சதும் மேஸ்திரி செங்கல்வராயன் பூசி, ரோஸ் பெயிண்ட் அடிச்சுடுவான்."

மறுநாள் வாசலில் கூடிய ஊர், "வேலை பாதியில நின்னுபோச்சா?" என்று அக்கறையாக விசாரித்தது. மேஸ்திரி செங்கல்வராயன் மணல் சலித்துக்கொண்டே பல்லிளித்தார். லூக்கா சுவரை முதுகால் மறைத்துக்கொண்டு நின்றார்.

வழக்கப்படி முதலில் பசுவை உள்ளே ஓட்டினார்கள். அது கூடத்துச் சுவரில் கழுத்தை வைத்து ஒரு தேய் தேய்த்தது. கண் சொருகிப்போனது. அப்புறம் விலா, முதுகு, பின்பக்கம். கயிற்றை இழுத்த மாட்டுக்காரர் சந்துருதான் மல்லாந்து விழுந்தார். மாடு அசையவில்லை.

"மகாலட்சுமிக்கே வூடு புடிச்சுப்போச்சு!" என்று கூட்டம் கன்னத்தில் போட்டுக்கொண்டது.

"செங்கல்வராயா, மணலை மூட்டை கட்டு" என்றார் கமலம்மா.

"ஒர்த்தர் சொல்லணும்னியே ஆத்தா, இது மாடாச்சே!"

"மாடு பொய் சொல்லாது. நீ சொல்வே."

லூக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"இன்னாத்துக்கு அழுவுற? போ, நீயும் ஒருவாட்டி சொறிஞ்சுக்கோ."

லூக்கா போனார். பசு கொஞ்சம் தள்ளி இடம் விட்டது.