அரை விரல்

எங்கள் குடும்பத்தில் யாருக்கு என்ன வருத்தம் வந்தாலும் முதலில் லண்டனுக்குத்தான் சொல்லவேண்டும். கொழும்பு வெள்ளவத்தையில் எங்கள் மாடியிலிருந்து இறங்கிப் பெரிய தெருவான காலி வீதிக்கு வந்தால் தடுக்கி விழுகிற இடமெல்லாம் டொக்டர்மார். அவர்களிடம் போவது பிறகு. முதலில் என் அக்காவின் கணவர். அத்தான் கண் டொக்டர், அதுவும் ஓய்வு பெற்றவர். ஆனால் மூலத்திலிருந்து மூளை வரைக்கும் எங்களுக்கு அவர்தான் பார்ப்பார். இங்கே உள்ள டொக்டர் எழுதிக் கொடுத்த மாத்திரையைக்கூட அவர் "ஓம்" என்று சொன்ன பிறகுதான் எங்கள் வீட்டில் விழுங்குவார்கள். அந்த வழக்கம் எனக்கு ஒருபோதும் பிடித்ததில்லை. இப்போது கண்ணிலேயே காட்டக்கூடாது.

நான் கேக் செய்கிறவள். கலியாணக் கேக், பிறந்தநாள் கேக், தேவாலயத்தில் பிள்ளைகள் எடுக்கிற முதல் நன்மைக்குக் கேக், எல்லாம் வீட்டுக் குசினியில்தான். கேக் எவரும் செய்வார்கள். என்னிடம் ஆட்கள் வந்தது பூவுக்காக. சீனிப் பசையை உருட்டித் தட்டையாக்கி, பெருவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் நடுவில் வைத்து ஓரத்தை நசுக்கி நசுக்கி ரோசா இதழ் எடுப்பேன். ஓரத்தில் வெளிச்சம் தெரியவேண்டும். தெரிந்தால் ரோசா, தெரியாவிட்டால் கறிக்கு அரிகிற கோவா இலை. அச்சில் அழுத்தி எடுக்கிற பூவை நான் தொட்டும் பார்த்ததில்லை. அந்த இரண்டு விரல்களும்தான் என் பிழைப்பு, என் திமிரும் அதுதான்.

ஞாயிற்றுக்கிழமை பின்னேரங்களில் லண்டனிலிருந்து அத்தான் தொலைபேசி எடுப்பார். எனக்கு இடக்காது சின்ன வயதிலிருந்தே மந்தம். ஆகவே வலது கையில் தொலைபேசி, முழங்கை குசினி மேசையில். அப்படியே மடக்கிய கையோடு தேத்தண்ணி ஆறி ஆடை படரும்வரை இருப்பேன். மேசையில் வைத்து ஸ்பீக்கரில் போட்டால் அவருக்குப் பிடிக்காது.

"ஸ்பீக்கரில போடாதையும். வீட்டு விசயம் ரோட்டுக்குப் போயிடும். கையில பிடிச்சுக் கதையும்."

கதைக்கிறது எங்கே? அவர் கதைப்பார், நான் "ஓம் அத்தான்" சொல்வேன். என் கணவரின் கொலஸ்ட்ரோல், யாழ்ப்பாணத்துக் காணியின் வேலி, யாரோ ஒருவரின் மகள் யாரோ ஒருவரோடு போனது. அவர் முடித்தால் அக்கா வாங்கி அதையே முதலிலிருந்து சொல்வாள்.

வலது கையில் சின்ன விரல் மரத்து விறைக்கத் தொடங்கியது எப்போது என்று சரியாகத் தெரியவில்லை. பிறகு மோதிர விரலிலும் வந்தது. முழு விரலிலும் இல்லை. சின்ன விரலை ஒட்டிய பாதி மட்டும் விறைப்பு, மற்றப் பாதி ஒன்றும் நடக்காததுபோல இருந்தது. நடுவில் யாரோ கோடு கீறிக் காணி பிரித்தமாதிரி. அதை அப்படியே அத்தானிடம் சொன்னேன். அவர் சிரித்தார்.

"அரை விரல் விறைக்கிறதெண்டு ஒரு வருத்தமும் இல்லை. விறைச்சால் முழு விரலும் விறைக்கும். அது உம்மட மனசு."

அக்காவும் பக்கத்திலிருந்து சிரித்தது கேட்டது. எனக்குக் காது எரிந்தது. என் விரல் எனக்குத் தெரியாதா?

அடுத்த கிழமை வீடியோவில் கையைக் காட்டச் சொன்னார். இன்னும் கிட்டப் பிடிக்கச் சொன்னார், வெளிச்சத்துக்குப் போகச் சொன்னார், கடைசியில் வடிவாகத் தெரியவில்லை என்றார். கண் டொக்டருக்கே தெரியவில்லை. ஆனாலும் தீர்ப்பு வந்துவிட்டது. குனிந்து குனிந்து கேக் செய்ததில் கழுத்தெலும்பு தேய்ந்து அங்கே நரம்பு அமத்துதாம்.

"இஞ்ச ஒருத்தரிட்டக் காட்டட்டோ?" என்று கேட்டேன்.

"வேண்டாம். அவங்கள் உடனே வெட்டத்தான் பார்ப்பாங்கள். நான் ஒண்டு குடுத்துவிடுறன்."

குடுத்துவிடுவது எங்கள் ஆட்களின் இன்னொரு வியாதி. லண்டனிலிருந்து யார் வெளிக்கிட்டாலும் அவர்களின் பெட்டிக்குள் எங்கள் வீட்டுச் சாமான் ஒன்று இருக்கும். பம்பலப்பிட்டியில் முன்பின் தெரியாத ஒருவரின் வீட்டில் போய், அவர் அவிழ்த்துக் கொட்டிய சொக்லேட்டுக்கும் அக்காவின் பழைய சட்டைகளுக்கும் இடையிலிருந்து என் மருந்தை எடுத்துவந்தேன். கழுத்துப் பட்டி. தடித்த பஞ்சு வைத்தது, வெள்ளைக்காரனின் குளிருக்குத் தைத்தது.

வெள்ளவத்தை வெக்கையில் அதைப் போட்டுக்கொண்டு சந்தைக்குப் போனேன். மரக்கறிக்காரர் "அக்சிடன்டோ, அக்கா?" என்று கேட்டார். கழுத்தைச் சுற்றி வேர்க்குரு போட்டது. சட்டிக்குள் எட்டிப் பார்க்கமுடியவில்லை. என் கணவர் காலையில் வேலைக்கு வெளிக்கிடும்போது, "பட்டி போட்டனீரோ? அத்தான் கேட்டவர்" என்பார். கை எப்படி என்று கேட்டதாக நினைவில்லை. ஞாயிறு வந்தால் பட்டியைப் போட்டுக்கொண்டு, முழங்கையை மேசையில் ஊன்றி, தொலைபேசியைக் காதில் வைத்து, பட்டி எப்படி வேலை செய்கிறதென்று அத்தானுக்குச் சொல்வேன்.

விறைப்பு குறையவில்லை. கையின் மேற்புறத்தில், பெருவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடையில் ஒரு பள்ளம் விழத் தொடங்கியது. முதலில் மெலிந்துவிட்டேன் என்று நினைத்தேன். மற்றக் கையைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன், அதில் பள்ளம் இல்லை.

கொட்டாஞ்சேனையில் ஒரு கத்தோலிக்க அம்மா இருந்தார். மூத்த பிள்ளைகளின் கலியாணக் கேக்கெல்லாம் என்னிடம்தான் செய்வித்தவர். கடைசி மகளின் கேக்கையும் நானே கொண்டுபோய் மண்டபத்தில் அடுக்கினேன். அவர் கிட்ட வந்து பார்த்தார். முகம் சுழிக்கிற ஆள் இல்லை.

"என்ன மகள், இந்த முறை பூ கொஞ்சம் மொத்தமா, தடிப்பா இருக்குதே?"

இருந்தது. எந்த இதழிலும் வெளிச்சம் இல்லை. அன்றைக்கு வீட்டுக்கு வந்து பட்டியைக் குப்பை வாளிக்குள் போட்டேன். மறுநாள் யாருக்கும் சொல்லாமல் ஆஸ்பத்திரிக்குப் போனேன்.

நரம்பு டொக்டர் ஒரு சிங்களப் பெண். என்னைவிட வயது மிகக் குறைவு, சிரிக்கத் தெரியாத முகம். அவருக்குத் தமிழ் வராது, எனக்குச் சிங்களம் வரும். கண்ணை மூடச் சொல்லிப் பஞ்சால் விரல்களைத் தடவினார். மோதிர விரலுக்கு வந்ததும் ஒரு பக்கம் தடவி நிறுத்தி, மறுபக்கம் தடவி, இரண்டும் ஒரேமாதிரி இருக்கிறதா என்று கேட்டார். இல்லை, பாதி விரல்தான் விறைப்பு என்றேன். சொல்லிவிட்டுச் சிரிப்புக்காகக் காத்திருந்தேன். அவர் தலையாட்டினார். முழங்கை வழியாக வருகிற நரம்பு மோதிர விரலில் பாதிக்குத்தான் உணர்ச்சி கொடுக்கும், மற்றப் பாதி வேறு நரம்பின் பங்கு, அதனால் கழுத்தைவிட முழங்கையில்தான் சந்தேகம் என்றார்.

அந்த இடத்திலேயே எனக்கு அழுகை வந்தது. ஆறுதலில் அல்ல. ஆத்திரத்தில்.

முழங்கையின் உட்பக்கத்தில் விரலால் தட்டினார். சின்ன விரல் நுனிவரை மின்சாரம் பாய்ந்தது. ஒரு தாளைப் பெருவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் நடுவில் இறுக்கிப் பிடிக்கச் சொல்லி இழுத்தார். பெருவிரல் நுனி கொக்கிபோல் மடங்கியது, தாள் கழன்று அவரோடு போனது. இடது கையில் இழுத்தபோது தாள் கிழிந்தது. ஒரு இதழைப் பிடிக்கிற பலம்தான் போயிருக்கிறதென்று எனக்கு யாரும் விளக்கத் தேவையில்லை. பிறகு மெஷினில் வைத்துச் சோதித்தார்கள். மணிக்கட்டில் ஒரு சுள், முழங்கைக்குக் கீழே ஒரு சுள், மேலே ஒரு சுள். மற்ற இடமெல்லாம் ஓடி வருகிற நரம்பு, முழங்கையைத் தாண்டும்போது நொண்டியது.

டொக்டர் மெஷின் ரிப்போர்ட்டைப் பார்த்துக்கொண்டே, முழங்கையை மடக்கி ஊன்றிக்கொண்டு நெடுநேரம் இருக்கிற பழக்கம் உண்டா, தொலைபேசி அதிகம் கதைக்கிறீர்களா என்று கேட்டார். ஓம் என்று தலையாட்டினேன். கதைக்கிறது நான் இல்லை என்று சொல்லியிருக்கவேண்டும்.

விறைப்பு மட்டும் இருந்த நேரம் வந்திருந்தால் கையை மடக்காமலிருந்தே சரியாகியிருக்கக்கூடும் என்றார். இரவில் முழங்கையைச் சுற்றித் துவாய் கட்டினாலே போதுமாயிருந்திருக்குமாம். இப்போது தசை வற்றிவிட்டது, வெட்டி நரம்பை விடுவிக்கவேண்டும், அதன் பிறகும் தசை திரும்புமென்று வாக்குத் தரமுடியாது. முகத்தைப் பார்த்துச் சொன்னார். அந்த நேரம் அவரையும் எனக்குப் பிடிக்கவில்லை.

வெட்டினார்கள். நரம்பை அமத்திக்கொண்டிருந்த இறுக்கத்தைப் பிரித்துவிட்டார்கள். விறைப்பு மெல்ல மெல்லப் போனது. பள்ளம் போகவில்லை. வீட்டில் பசையை உருட்டி ஒரு இதழ் எடுத்துப் பார்த்தேன், பிறகு இன்னொன்று. எல்லாம் கோவா.

"அத்தானிட்ட முழுக்கச் சொல்லாதையும். மனம் நொந்துபோவார்" என்றார் என் கணவர். எனக்கு மனமே இல்லை என்று அவருக்கு யார் சொன்னது?

அடுத்த ஞாயிறு தொலைபேசி அடித்தது. எடுத்து மேசையில் வைத்து ஸ்பீக்கரை அழுத்தினேன். இரண்டு கைகளையும் நீட்டி மடியில் போட்டுக்கொண்டேன்.

"குரல் தூரத்தில கேக்குது. ஸ்பீக்கரோ? போடாதையும் எண்டு சொன்னனானெல்லே."

"டொக்டர் சொன்ன மருந்து, அத்தான்."

அதை அவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. ஒப்பரேஷன் நடந்ததை அக்கா மூலம் கேள்விப்பட்டிருந்தார். அந்தப் பட்டி போட்டபடியால்தான் இவ்வளவாவது தப்பியதாம். பிறகு குரல் இளகியது. தங்கள் மகளின் கலியாணத்தைக் கொழும்பில் வைக்கப்போகிறார்களாம்.

"கேக் உம்மட கையாலதான். அந்த மெல்லிய ரோசாப் பூ. சின்னனில இருந்து அவளுக்கு அதில ஒரு ஆசை."

கதவடியில் நின்ற என் கணவர் சொல்லாதே என்று தலையை ஆட்டினார். நான் அவரைப் பார்த்துக்கொண்டே சொன்னேன்.

"என்ர கையால இனி அந்தப் பூ வராது, அத்தான். லண்டனில இருந்து ஆரும் வெளிக்கிட்டால் பெட்டிக்குள்ள வைச்சுக் குடுத்துவிடுங்கோ."

அத்தானின் குரலுக்குப் பதில் அக்காவின் குரல் வந்தது.

"லைன் கட்டாயிட்டுதோ?"

"இல்லை அக்கா," என்றேன். "வடிவாக் கேக்குது."