லண்டன் கண்காட்சியும் எங்கள் சதுரங்கப் பந்தலும்

தமிழும் மலையாளமும் கலந்து புழங்கும் எங்கள் எல்லையோரப் பாறசாலையில் ஓணத்தை ஒட்டி ஒரு பொருட்காட்சி போடுவார்கள். அதில் சதுரங்கத்துக்கும் ஒரு பந்தல் வேண்டும் என்று கமிட்டித் தலைவரிடம் கேட்டேன். என் பேக்கரியில் நின்று பப்ஸைக் கடித்துக்கொண்டிருந்தவர் சிரித்துவிட்டார்.

"செஸ்ஸ ஆரு மக்கா நின்னு பாப்பா? ரெண்டு பேரு சண்ட போட்டுட்டு பேசாம இருக்கிய மாதிரி ஆக்கும் அது."

இப்படி ரசமான ஒரு வாக்கியம் காதில் விழுந்தால் அன்றைய நாள் எனக்கு நல்ல நாள். ஆனாலும் விடவில்லை. செல்பேசியில் படித்திருந்த லண்டன் கதையை எடுத்துவிட்டேன். நூற்றைம்பது வருஷத்துக்கும் முன்னே அங்கே ஒரு பெரிய கண்ணாடி மாளிகை கட்டி, உலகத்துச் சாமான்களையெல்லாம் கொண்டுவந்து காட்சிக்கு வைத்தார்கள். ஊர் உலகமே அதைப் பார்க்க வருகிறதே என்று, அதே கோடையில் பல நாட்டு ஆட்டக்காரர்களையும் கூப்பிட்டுச் சதுரங்கப் போட்டி நடத்தினார்கள். பல நாட்டார் கூடி ஆடிய முதல் பெரிய போட்டி அதுதான். கடைசியில் ஜெர்மனியிலிருந்து போன ஒரு கணக்கு வாத்தியார் ஜெயித்தார்.

"வாத்தியாரு ஜெயிச்சது இருக்கட்டு. பாக்க ஆளு வந்துச்சா?"

"அதுக்குத்தானே அண்ணாச்சி, காட்சி நடக்கும்போ வச்சது."

தலைவர் வாயைத் துடைத்துக்கொண்டார். "செரி, இந்த வருஷம் தாறேன். கடைசி நாளு வந்து பாப்பேன். பந்தல்ல ஆளு இல்லேன்னா, அடுத்த வருஷம் அந்த எடம் டெல்லி அப்பளக்காரனுக்கு ஆக்கும்."

எல்லாம் லண்டனில் நடந்தபடியே நடக்க வேண்டும் என்று எனக்கு ஒரு பிடிவாதம். அங்கே தோற்றவன் வெளியே. இங்கேயும் அப்படியே வைத்தேன். அங்கே ஆட்டத்துக்குக் கடிகாரம் கிடையாது, நானும் வைக்கவில்லை. ஒரு காயை நகர்த்தச் சிலர் எடுத்துக்கொண்ட நேரத்தைப் பார்த்து நொந்துபோய்த்தான் பிற்பாடு கடிகாரம் கொண்டுவந்தார்கள். அந்தப் பகுதியையும் நான் படித்துத்தான் இருந்தேன். மண்டையில் ஏறவில்லை, அவ்வளவுதான்.

கடைசி நாள் சாயங்காலம் இறுதி ஆட்டம். ஒரு பக்கம் பொழியூரில் வள்ளத்து எஞ்சின் பழுது பார்க்கிற அண்ணன். கடலில் இறங்க முடியாத நாட்களில் கடப்புறத்து மணலில் உட்கார்ந்து ஆடிப் படித்தவர். எதிரே, வெளியூரிலிருந்து லீவுக்கு வந்திருந்த, பக்கத்தில் செங்கல் என்ற ஊரைச் சேர்ந்த நர்ஸ் சேச்சி. செல்பேசியில் ஆடிப் பழகியவர். இரண்டு பேருக்கும் அவசரம் என்பதே கிடையாது. அண்ணன் காயைத் தொடுமுன் மழை வருமா என்று பார்ப்பதுபோலப் பந்தல் கூரையைப் பார்ப்பார். சேச்சி கன்னத்தில் கைவைத்தால் எடுக்க மாட்டார்.

வேடிக்கை பார்த்தவர்கள் ஒவ்வொருவராக எழுந்தார்கள். "இவிய ஆடி முடிக்கியதுக்குள்ள அடுத்த ஓணம் வந்துரும்" என்று ஒரு பெண் ராட்டினத்துக்குப் போனாள். மிஞ்சியது நானும் சேச்சியின் கணவரும். அவரும் உட்கார்ந்தபடியே தூங்கிப்போனார். எதிர்ச்சாரியில் நின்ற அப்பளக்காரர், எண்ணெய்ச் சட்டியை எங்கே வைக்கலாம் என்று என் பந்தலைத் தலைசாய்த்துப் பார்த்தார்.

அந்த நேரத்தில் சேச்சியின் ராணி, அண்ணனின் ராஜாவை மூலையில் ஒதுக்கியது. அடுத்த நகர்த்தலில் கதை முடிந்துவிடும் என்பது எனக்கே தெரிந்தது. அண்ணன் கூரையைப் பார்த்தார். பிறகு ராஜாவைத் தூக்கி, குதிரை போகிற மாதிரி வளைத்து வெளியே வைத்தார்.

"இதென்னது அண்ணா? ராஜா சாடுது!"

சாடுவது என்றால் எங்கள் பக்கத்தில் தாவுவது.

"சாடும். எங்க கடப்புறத்துல எல்லா ராஜாவும் ஒருக்கா சாடும்."

"எனக்க போன்ல ஒரு ராஜாவும் சாடாது."

"போன்ல உள்ள ராஜாவுக்கு காலு ஏது மோளே?"

கணவர் விழித்துக்கொண்டார். வழியில் போனவர்கள் நின்றார்கள். சாடும் என்று தமிழில் ஒருத்தர், சாடில்ல என்று மலையாளத்தில் ஒருத்தர். எங்க அப்பன் ஆடும்போ சாடும் என்று ஒரு ஆட்டோக்காரர் சத்தம் போட, "உனக்க அப்பன் மதிலே சாடுவாரு, அவர இதுல எடுக்காதலே" என்று கூட்டத்திலிருந்து பதில் வந்தது. ராட்டினத்தில் இருந்த பெண் இறங்கி ஓடிவந்தாள். அப்பளக்காரர் கரண்டியும் கையுமாக வந்து எட்டிப் பார்த்தார்.

"லண்டன்காரன் சொல்லட்டு!" என்று எல்லாரும் என் பக்கம் திரும்பினார்கள்.

நான் என்னத்தைச் சொல்ல? முந்தின சுற்றுகளில் அண்ணனுக்கு அந்தத் தாவல் தேவைப்படவே இல்லை. ராஜா எப்படி நடக்கும் என்று முன்கூட்டியே சொல்லிவைக்க எனக்கும் தோன்றவில்லை. லண்டனுக்கும் ஆளாளுக்கு அவரவர் ஊர்ச் சட்டத்தோடுதான் போயிருந்தார்கள். அதையெல்லாம் ஒன்றாக்க வேண்டும் என்ற பேச்சும் அங்கே இருந்தது. அதைச் சொல்லி, "இஞ்சயும் நீங்க ரெண்டு பேரும் பேசி ஒரு சட்டம் வையுங்க" என்றேன்.

சேச்சி பலகையையே பார்த்துக்கொண்டிருந்தார். "செரி, சாடட்டு. ஆனா எனக்க ராஜாவுக்கும் ஒரு சாட்டம் உண்டு."

"பின்னே! ராஜான்னா எல்லாம் ராஜாதானே" என்றார் அண்ணன், பெரிய மனசோடு.

அதன் பிறகு அந்தப் பந்தலில் ஒருத்தரும் உட்காரவில்லை. சேச்சியின் விரல் அசைந்தால் போதும், இப்போ சாடும் பாரு என்று கூட்டம் எம்பும். விரல் திரும்பக் கன்னத்துக்குப் போனதும் எல்லாரும் ஒன்றாக மூச்சு விடுவார்கள். எவ்வளவு மெதுவாக ஆடினாரோ அவ்வளவுக்கு ஆள் கூடியது. கடைசியில் சேச்சியின் ராஜா தாவியது. அண்ணனின் ராஜா தப்பிக்க இருந்த ஒரே வழியை மறித்துக்கொண்டு போய் நின்றது. அடுத்த நகர்த்தலில் ஆட்டம் முடிந்தது.

"எங்க கடப்புறத்து சாட்டத்த வாங்கி எனக்கே போட்டாளே!" என்று அண்ணன் தொடையில் தட்டிச் சிரித்தார். "அடுத்த ஓணத்துக்கும் வாறேன், மோளே."

அப்போதுதான் எனக்குத் தலைவரின் நினைவு வந்தது. தேடினால், கூட்டத்தின் கடைசி வரிசையில் உள்ளே வர வழியில்லாமல் பெருவிரலில் நின்றுகொண்டிருந்தார். கையில் குடைபோல ஒரு டெல்லி அப்பளம். அதில் ஒரு துண்டை ஒடித்து என்னிடம் நீட்டினார்.

"எடம் உனக்குத்தான். ஆனா அடுத்த வருஷம் ஒரு கடிகாரம் வச்சிரு, கேட்டியா? எனக்க காலு போச்சு."

"லண்டன்லயும் அண்ணாச்சி, கடிகாரம் பொறவுதான்..."

"லண்டன் மதி, போதும் மக்கா," என்றார். "அப்பளத்தத் தின்னு."