கல்யாணக் காட்சிக்கு ஒரு மேளம்

கீரமங்கலம் தாண்டியதும் ஒரு முச்சந்தியில் மார்ட் காரை நிறுத்தச் சொல்கிறார். எஸ்தோனியாக்காரர். இருபது வருடமாகத் திரைப்படங்களுக்கு இசையமைக்கிறார். இப்போது ஒரு கல்யாணக் காட்சிக்கு மேளச் சத்தம் தேடுகிறார். நான் அவருக்கு மொழிபெயர்ப்பாளன்.

போன் பேசி முடித்து நான் இறங்குவதற்குள் அவர் சாலையோரம் நின்று மைக்கை நீட்டியிருக்கிறார். பறை அதிர, வெடி போட்டு, பூ இறைத்துக்கொண்டு ஒரு கூட்டம் கடக்கிறது. இரண்டு பேர் ஆடுகிறார்கள். மார்ட் கண்ணை மூடிச் சிரித்தபடி கேட்கிறார். பின்னால் வருவது பாடை.

ஊர்வலம் சுடுகாட்டுப் பக்கம் திரும்ப, பெண்கள் முச்சந்தியோடு நின்றுவிடுகிறார்கள். அழுது வீங்கிய முகத்தோடு ஒரு பெண் எங்களிடம் வருகிறாள்.

"என்னங்க புடிக்கிறாரு?"

"மேளச் சத்தங்க, சினிமாவுக்கு."

"எந்த சீனுக்கு?"

பொய் வரவில்லை. "கல்யாணத்துக்குங்க. இது சாவுன்னு அவருக்குத் தெரியல. அழிச்சிரச் சொல்றேன்."

மார்ட்டிடம் சொல்கிறேன். முகம் வெளுத்து, பதிவை அழிக்கப் போகிறார். அந்தப் பெண் கையை நீட்டித் தடுக்கிறாள்.

"போறது என் தம்பிங்க. முப்பத்தி நாலு வயசு. எங்கெங்கயோ பொண்ணு பாத்தோம், அமையல. அழிக்க வேணாம். கல்யாணத்துக்கே போடச் சொல்லுங்க."

சொல்லிவிட்டு மற்ற பெண்களோடு திரும்பி நடக்கிறாள். நான் வார்த்தைக்கு வார்த்தை மொழிபெயர்க்கிறேன். மார்ட் நம்பாமல் இரண்டு தடவை கேட்கிறார். பிறகு, அவள் அதைக் கோபமாகச் சொன்னாளா, ஆசையாகச் சொன்னாளா என்கிறார்.

அவள் சொன்னதை அதே வார்த்தைகளில் இன்னொரு தடவை மொழிபெயர்க்கிறேன்.