தாயம்மாவின் வாக்குமூலம்

தாயம்மாவை எனக்கு முதல் நாளே பிடிக்கவில்லை. மயிலாப்பூரில் ரூபீனா மேடத்தின் வக்கீல் ஆபீசில் குமாஸ்தாவாகக் குப்பை கொட்டுகிறேன். அழுகிற கட்சிக்காரரைக் கண்டாலே எனக்குச் சந்தேகம் வரும். இவளோ செத்த புருஷனைப் பற்றிப் பேசும்போது ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. என் சந்தேகம் இன்னும் கூடிப்போனது.

மந்தைவெளி ஸ்டேஷன் பக்கம் இட்லிக் கடை வைத்திருப்பவள். புருஷன் மண்ணாங்கட்டி வீடுகளுக்கு பெயின்ட் அடிப்பவன். ஒருநாள் காலையில் தெருவில் வழுக்கி விழுந்து, மண்டை உடைந்து, மறுநாள் ஆஸ்பத்திரியில் இறந்துபோனான். அவனுக்கு விபத்துக் காப்பீடு இருந்தது. ஆனால் போதையில் விழுந்தவனுக்குக் கிடையாது என்று கம்பெனி கையை விரித்துவிட்டது. ஆஸ்பத்திரியில் சேர்த்தபோது டூட்டி டாக்டர் எழுதிய குறிப்புதான் அவர்களுக்கு ஆதாரம். 'மது அருந்தியிருந்தார், மனைவி சொன்னபடி' என்று அதில் இருந்தது.

பிரேதப் பரிசோதனையில் மது எதுவும் தென்படவில்லை. ஒரு நாள் முழுக்க டிரிப்ஸ் ஏறியிருக்கிறது, அதில் கரைந்திருக்கும் என்றது கம்பெனி.

"நீ டாக்டர்கிட்ட அப்படிச் சொன்னியாம்மா?"

"நான் இன்னாத்துக்கு சார் சொல்றேன்?"

இவள் சொல்லிவிட்டு மறைக்கிறாள் என்று நான் நினைத்தேன். கம்பெனிக்காரன் பின்னால் சேர்த்து எழுதவைத்திருப்பான் என்று மேடம் நினைத்தார். தாயம்மாவோ செத்தவனையே சந்தேகப்பட்டாள்.

"குடிய உட்டுட்டேன்னு எம்பொண்ணு கயலு தலைல அடிச்சு சத்தியம் பண்ணான் சார். டாக்டரு சும்மாவா எழுதுவாரு?"

கூட வேலை பார்த்த, அதே தெரு வேம்பு, "அவன் குடிக்கல, நான் பக்கத்துலதான் இருந்தேன்" என்று தலைதலையாய் அடித்துக்கொண்டானாம். அப்படியானால் வாங்கி ஊற்றியதே நீதான் என்று நடுத்தெருவில் அவன் சட்டையைப் பிடித்திருக்கிறாள். புருஷன் படத்தைக் கழற்றிப் பரண்மேல் போட்டாள். குடிகாரனுக்குச் சோறு எதற்கு என்று வருஷப் படையலும் வைக்கவில்லை. கயலைப் படிக்கவைக்க வேண்டும் என்றுதான் இந்தக் கேஸாம்.

விசாரணைக்கு முன்னால் மேடம் அவளை உட்காரவைத்தார். "அன்னைக்கு டாக்டர்கிட்ட சொன்னதை ஒரு வார்த்தை மாத்தாம அப்படியே சொல்லுங்க."

"இன்னா ஆச்சுன்னு கேட்டாரு. காலீல தண்ணி அடிச்சிக்கினு இருந்தாரு, வழுக்கி உழுந்துட்டாருன்னேன்."

மேடம் பேனாவைக் கீழே வைத்தார். "எங்க அடிச்சுக்கிட்டு இருந்தாரு?"

"எங்கன்னா? எங்க தெரு பம்புலதான். கொடத்துக்கு."

எனக்குச் சிரிப்பு பீறிட்டு வந்தது. வாயைப் பொத்திக்கொண்டேன். பாவம், அவளுக்கு இன்னும் புரியவில்லை. தண்ணி அடிப்பது என்றதும் டாக்டர் எதை நினைத்துக்கொண்டு எழுதினார் என்று மேடம் மெதுவாக எடுத்துச் சொன்னார். வேம்புவைச் சாட்சிக்குக் கூப்பிடலாம், கேஸ் நிற்கும் என்றும் சொன்னார்.

தாயம்மா காதில் அதெல்லாம் ஏறவில்லை.

"அப்போ அவரு குடிக்கலியா மேடம்?"

"குடிக்கலம்மா."

அப்போதுதான் அழுதாள். தரையில் உட்கார்ந்து, வாயில் வாயில் அடித்துக்கொண்டு அழுதாள். எனக்கு எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை.

"இந்த வாயாலயே அவர குடிகாரனாக்கி, பட்டினியும் போட்டுட்டேனே மேடம்."