துபாய் சோப்பு

பழவேற்காடு ஹனீப் பதினோரு வருடம் சினிமாவில் அடி வாங்கினார். வில்லனுக்குப் பின்னால் நிற்பார், கதாநாயகன் உதைத்தால் விழுவார். பொன்னேரிக்குப் படம் வந்தால் தங்கை ஜபீன் அந்த இடத்தில் மட்டும் கண்ணை மூடிக்கொள்வாள்.

இரண்டாயிரத்து மூன்றில் ஒரு படத்தில், விழுவதற்கு முன் பேச அவருக்கு ஒரே ஒரு வரி கொடுத்தார்கள். அதை மாற்றிப் பேசிவிட்டார். இயக்குநர் முறைத்தார்.

"அடியாள் இப்டியெல்லாம் பேசுவானாய்யா?"

"பேச வுட்டா பேசுவான் சார்."

இயக்குநருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடுத்த படத்திலிருந்து வசனம் எழுத உட்கார வைத்தார். மூன்று வருடம் போனபின், "சொந்தக் கதை ஏதாவது வச்சிருக்கியா?" என்று கேட்டார்.

ஹனீபிடம் ஒரு கதை இருந்தது. ஆனால் அது ஜபீனுடையது.

அவள் கணவன் அஹ்சன் கும்மிடிப்பூண்டியில் ஓர் இரும்பு ஆலைக்கு வேலைக்குப் போனவன், ஒருநாள் திரும்பவில்லை. சூலூர்பேட்டையில் வேறொரு குடும்பத்தோடு இருப்பதை ஹனீப் தேடிப்போய்ப் பார்த்துவிட்டு வந்து சொன்னார். ஜபீன் அழவில்லை. "துபாய் போய்க்கிறாருன்னு சொல்லிடுறேன். நீ வாயத் தொறக்காத" என்றாள். அதன்பின் பெருநாளுக்குப் பெருநாள் ஹனீப் பர்மா பஜாரில் வெளிநாட்டு சோப்பு வாங்கிவருவார். "அவுரு அனுப்ச்சாரு" என்று அவள் தெருப் பெண்களுக்குக் கொடுப்பாள்.

அதைத்தான் எழுதினார். எழுதும்போது அழுகை வந்தது. நன்றாக வந்திருக்கிறது என்ற சந்தோஷமும் கூடவே வந்தது. ஊரையும் பெயரையும் மாற்றினால் போதும் என்று நினைத்துக்கொண்டார்.

படம் ஓடியது. இரண்டாவது வாரம் வீட்டுக்கு வந்தவரை ஜபீன் வாசலிலேயே நிறுத்தினாள்.

"அடுத்த ஊட்டு அஃப்ஸானா வந்து என்னக் கட்டிப் புடிச்சுக்கினு அழுவுறா. ஏழு வருசமா எனக்காக ஒருத்தியையும் அழ வுடல நானு."

"பேர மாத்திட்டேன்மா."

"சோப்ப மாத்தினியாண்ணே?"

அந்த மாதமே அவள் மீஞ்சூருக்குக் குடிபோய், ஒரு தையல் கம்பெனியில் சேர்ந்தாள். ஹனீபைத் தேடி இன்னும் இரண்டு படங்கள் வந்தன. எழுதினார். தங்கையைப் பார்க்கப் போனால் அவள் விரட்டவில்லை. நலம் கேட்டாள், உட்காரவைத்துச் சோறு போட்டாள். தன்னைப் பற்றி மட்டும் எதுவும் சொல்லமாட்டாள். அவளுக்குக் கர்ப்பப்பை ஆபரேஷன் நடந்ததே இரண்டு மாதம் கழித்து அஃப்ஸானா சொல்லித்தான் அவருக்குத் தெரிந்தது. ஓடினார்.

"எங்கிட்ட ஏம்மா சொல்லல?"

ஜபீன் கரண்டியோடு நின்றாள். "கொழம்பு ஊத்தட்டா?" என்றாள்.

ஹனீப் தட்டை நீட்டினார்.